ஒரு நாள் தள்ளி எழுதிய மழை

என்னுடைய 1981-ஆம் ஆண்டு நாட்குறிப்பில், மாசி அமாவாசை வெள்ளிக்கிழமைப் பக்கத்தில், இரண்டே வரிகள் இருக்கின்றன.

"மழை: இல்லை. துண்டு: நனைந்திருந்தது."

அதற்குக் கீழே பக்கம் காலியாகக் கிடக்கிறது. பால்காரர் வராத நாளைக்கூடக் குறித்து வைக்கிற நான் அன்றைக்கு அதற்கு மேல் எழுதவில்லை என்றால், எப்படி எழுதுவது என்று தெரியவில்லை என்றுதான் அர்த்தம். இப்போது எழுதிப் பார்க்கிறேன். நீங்கள் நம்ப வேண்டும் என்று கட்டாயம் இல்லை. உங்கள் இடத்தில் இருந்தால் நானும் சிரித்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டியிருப்பேன்.

பேய், பிசாசு, குறி, சகுனம் எதிலும் எனக்கு அன்றும் நம்பிக்கை இல்லை, இன்றும் இல்லை. சங்கரன்கோவிலில் பதினொரு வருடம் வேலை பார்த்தேன். ஆடித்தபசுக் கூட்டத்தில் யாருக்காவது அருள் வந்தால், பக்கத்தில் நின்று எத்தனை நிமிடம் ஆடுகிறார் என்று கடிகாரம் பார்க்கிற ஆள் நான். கையில் கிடைத்த புத்தகத்தையெல்லாம் படிப்பேன், படித்த தேதியை அட்டையின் உள்பக்கம் எழுதுவேன். அப்படிப்பட்ட சுபாவம்.

ஓர் அரசு அலுவலகத்தில் எழுத்தராக இருந்தேன். அந்த அலுவலக வளாகத்தில், வேப்பமரத்தின் நிழல் விழாத இடமாகப் பார்த்து, ஒரு மழைமானி வைத்திருந்தார்கள். மேலே புனல், உள்ளே ஒரு பாட்டில், அவ்வளவுதான். தினமும் காலை எட்டரை மணிக்கு அதைத் திறந்து, சேர்ந்திருக்கும் தண்ணீரை அளவுக் குடுவையில் ஊற்றிப் பார்த்து, பதிவேட்டில் அன்றைய தேதிக்கு நேரே எழுத வேண்டும். வேறு யாரும் அந்த வேலையை விரும்பவில்லை. நான் கேட்டு வாங்கிக்கொண்டேன். வருடத்தில் முக்கால்வாசி நாள் பூஜ்யம்தான் எழுதுவேன் என்றாலும் ஒரு நாள்கூட எட்டரை எட்டு முப்பத்தைந்து ஆனதில்லை. தெருவில் எனக்கு 'மழை சார்' என்று பெயர் விழுந்துவிட்டது. டீக்கடை இசக்கி, கண்ணாடி டம்ளரைக் கழுவிக்கொண்டே, "என்ன மழை சார், இன்னைக்கும் சட்டியக் கவுத்துப் பாத்தாச்சா? ஒரு சொட்டாவது விழுந்துச்சா, இல்ல காக்கா எச்சம்தானா?" என்பான். காக்கை எச்சம் விழுந்த நாட்களையும் குறித்து வைத்திருந்தேன்.

1979 புரட்டாசிக் கடைசியில் சண்முகவேல் அண்ணாச்சி அலுவலகத்துக்கு வந்தார். எனக்கு ஏழெட்டு வயது மூத்தவர், விசைத்தறிகளுக்கு டாபி மாட்டுகிற மெக்கானிக். டாபி என்பது தறியின் தலையில் உட்கார்ந்திருக்கும் ஒரு பெட்டி. சங்கிலியாகக் கோத்த மரச் சட்டங்கள் அதற்குள் ஒவ்வொன்றாகச் சுழன்று போகும். சட்டத்தில் ஆப்பு அடித்த இடத்தில் நூல் மேலே தூக்கும், அடிக்காத இடத்தில் கீழே கிடக்கும். சேலையில் பூ விழுவதும் விழாததும் அந்த ஆப்புகளின் கணக்கு. அந்த வேலையில் ஊரிலேயே அவரை மிஞ்ச ஆள் இல்லை என்பார்கள்.

வந்தவர் உட்காரவில்லை. நின்றபடியே கேட்டார்.

"சார், போன வருசம் ஐப்பசியில பெரிய மழ ஒண்ணு பெஞ்சுதே. அது என்னைக்குன்னு ஒங்க நோட்டுல இருக்குமா?"

இருக்கும் என்றேன். எதற்கு என்று கேட்கவில்லை. அவரே தன் மணிக்கட்டைக் காட்டி, "இதுல தேதி காட்டும். ஆனா போன வருசத் தேதியக் காட்ட மாட்டேங்கு" என்று சிரித்தார். சாவி கொடுக்கிற கைக்கடிகாரம், மூன்று மணிப் பக்கம் ஒரு சின்னச் சதுரத்தில் தேதி தெரியும். கல்யாணத்துக்கு மாமனார் போட்டது, பின்பக்கம் 'ச.வே.' என்று கீறியிருக்கிறது என்று கழற்றிக் காட்டினார். அந்தச் சிரிப்பு முடிவதற்குள்ளாகவே விஷயத்தைச் சொன்னார்.

அவர் மனைவி ஆவுடைத்தாய் அந்த மழையில் இறந்துபோனவர். 1978 தீபாவளி முடிந்து திருவேங்கடத்துப் பக்கம் அம்மா வீட்டுக்குப் போயிருந்தார். செவ்வாய்க்கிழமை வந்து கூட்டிக்கொண்டு போகிறேன் என்று இவர் சொல்லியிருந்தார். ஆனால் ஒரு முதலாளி இருபக்கப் போர்வை நெய்ய வேண்டும் என்று அவசரப்படுத்த, சாமான் வாங்க ஞாயிற்றுக்கிழமையே கோயம்புத்தூருக்குப் பஸ் ஏறிவிட்டார். அந்த அம்மாள் வழி பார்த்துப் பார்த்துவிட்டு, ஒரு மத்தியானம் தனியாகவே பஸ் ரோட்டுக்கு நடந்திருக்கிறார். வழியில் ஒரு ஓடை. கரிசல் காட்டு ஓடை எப்போது நிறையும் என்று யாருக்கும் தெரியாது. அம்மா வீட்டில், மகள் போய்ச் சேர்ந்திருப்பாள் என்று நினைத்தார்கள். இவர் ஊர் திரும்பி, இன்னும் அம்மா வீட்டில்தான் இருக்கிறாள் என்று நினைத்தார். அடுத்த ஞாயிற்றுக்கிழமைதான் கண்மாய்க் கரையில் உடல் கிடைத்தது.

முதல் வருடத் திதி வருகிறது. ஐயர் இறந்த நாளைக் கேட்கிறார். மாமியாரைக் கேட்டால், பெரிய மழை பெய்த அன்றைக்கு மத்தியானம் புறப்பட்டாள் என்பதைத் தவிர ஒன்றும் சொல்லத் தெரியவில்லை. செவ்வாய் என்கிறார், அடுத்த மூச்சில் புதன் என்கிறார், அழுகிறார்.

நான் பதிவேட்டை எடுத்து விரலை ஓட்டினேன். அந்த மாதத்திலேயே பெரிய எண் நவம்பர் எட்டாம் தேதிக்கு நேரே இருந்தது. ஏழாம் தேதிக்கு நேரே சொற்பம்.

"எட்டாம் தேதி, புதன்கிழமை" என்றேன். சந்தேகமே இல்லாமல் சொன்னேன். ஒரு துண்டுத்தாளில் எழுதியும் கொடுத்தேன். வளர்பிறை நவமி என்று பஞ்சாங்கம் பார்த்து அதையும் பக்கத்தில் எழுதினேன். அவர் அந்தத் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கும்பிட்டுவிட்டுப் போனார். அதன் பிறகு தெருவில் பார்த்தால் இரண்டு வார்த்தை பேசுவோம். காலையில் வானொலியில் மணி சொன்னதும் சாவி கொடுப்பார். என் கடிகாரத்தோடு ஒப்பிட்டுப் பார்த்து, அரை நிமிடம் வித்தியாசம் இருந்தாலும் சண்டைக்கு வருவார்.

அப்படியே ஒன்றரை வருடம் போயிற்று. நான் முதலில் சொன்ன அந்த மாசி அமாவாசையன்று, மதியச் சாப்பாட்டு நேரத்தில், அண்ணாச்சி வந்து வாசலில் நின்றார். அமாவாசைக்குத் தறிகள் ஓடாது. அந்த ஊரில் அந்தச் சத்தம் இல்லாவிட்டால் காது அடைத்தது போல இருக்கும்.

"சார், ஒரு துணி நனைஞ்சிருந்தா, அது எந்த மழையில நனைஞ்சதுன்னு ஒங்களால சொல்ல முடியுமா?"

முடியாது என்றேன். "வந்து பாத்துட்டுச் சொல்லுங்க" என்று கூட்டிக்கொண்டு போனார்.

அவருடைய பட்டறை தறிக்கூடத்துக்குப் பின்னால் ஒரு தகரக் கொட்டகை. நடுவில் ஒரு மரச்சட்டகம், ஒரு கட்டில் அகலம் இருக்கும். அதில் மேலே ஒரு வரிசை நூல், நான்கு விரல் இடைவெளி விட்டுக் கீழே ஒரு வரிசை நூல். மேலே இருந்தது வெள்ளை. கீழே இருந்தது மங்கிய மாம்பழ நிறம். தலைமாட்டில் டாபிப் பெட்டி. அதிலிருந்து மரச் சட்டங்களின் சங்கிலி இறங்கித் தரையில் குவிந்து கிடந்தது. எண்ணூறுக்கு மேல் இருக்கும். கையால் சுற்ற ஒரு கைப்பிடி. மின்சாரம் கிடையாது.

அவர் விளக்கியதை என்னால் முடிந்தவரை அவர் சொன்னபடியே எழுதுகிறேன். இருபக்கப் போர்வை என்றால் ஒரே தறியில் ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு துணி ஓடும். மேலே சிவப்பு, கீழே நீலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பூ வர வேண்டிய இடத்தில் ஆப்பு தூக்கும், நீலம் மேலே வரும், சிவப்பு கீழே போகும். மேலே இருந்து பார்க்கிறவனுக்குக் கீழே ஒரு துணி இருப்பதே தெரியாது. நாம் இருப்பதும் அப்படித்தான், ஒரு காரியம் இப்படியும் நடந்திருக்கலாம் அப்படியும் நடந்திருக்கலாம் என்கிற நாளில் துணி இரண்டாகப் பிரிகிறது, ஒன்றில் நாம் இருக்கிறோம், இன்னொன்றும் அடியில் ஓடிக்கொண்டேதான் இருக்கிறது என்றார். பிரிந்த நாளுக்குச் சரியாகத் திரும்பிப் போய் அந்த இடத்தில் நூலை மாற்றினால், நடுவில் வைத்த பொருள் அந்தப் பக்கம் இன்றைக்கு ஓடுகிற நாளுக்குப் போகும்.

ஒரு நாளுக்கு ஒரு சட்டம். ஆவுடை இறந்த நாளுக்கு முதல் சட்டம், அதில் மட்டும் ஆப்பு. மற்றதெல்லாம் வெறுமை. தினமும் காலையில் ஒரு சட்டம் சீவிச் சங்கிலியில் சேர்த்துவிடுவார். கீழே ஓடுகிற மாம்பழ நிற நூல் அந்த அம்மாளின் சேலையிலிருந்து பிரித்தது. அதனால் பொருள் அவள் இருக்கிற இடத்துக்குத்தான் போகும் என்றார்.

எனக்கு அவர்மேல் இரக்கம்தான் வந்தது. இரண்டரை வருடமாகத் தனியாக இருக்கிற மனுஷன். கேட்டுக்கொண்டிருந்தேன்.

அவர் கயிற்றில் காய்ந்த ஒரு துண்டை எடுத்து என் கையில் கொடுத்து, நன்றாகப் பாருங்கள் என்றார். மொடமொடவென்று இருந்தது. மடித்து இரண்டு நூல் வரிசைக்கும் நடுவில் வைத்தார். அன்றைய சட்டத்திலிருந்து பின்னோக்கிக் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு சட்டம் டக்கென்று போகும். எண்ணூறு நாளும் போக இருபத்திரண்டு நிமிடம் ஆயிற்று, நான் பார்த்துக்கொண்டிருந்தேன். துண்டிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. கடைசிச் சட்டம் வந்தது, ஆப்பு தூக்கியது, வெள்ளை கீழே இறங்க, மாம்பழ நிறம் மேலே வந்தது. நூல்கள் ஒன்றையொன்று கடந்தன. துண்டு இல்லை.

குனிந்து பார்த்தேன். கீழே மண்தரை. கையை விட்டுத் துழாவினேன். சட்டகத்தைச் சுற்றி வந்தேன். அவர் பீடி பற்றவைத்தார். பீடி முடிந்ததும் மறுபக்கம் சுற்றினார். நூல்கள் மீண்டும் கடந்தன, துண்டு அதே மடிப்பில் இருந்தது. தொட்டேன். தண்ணீர் சொட்டியது.

நம்பினால் நம்புங்கள், நான் அலுவலகத்துக்கு ஓடிப்போய் அளவுக் குடுவையை எடுத்து வந்து அந்தத் துண்டைப் பிழிந்து அளந்தேன். பதினோரு கோடு. கலங்கலாக, கரிசல் மண் வாசத்தோடு இருந்தது. தை பிறந்ததிலிருந்து சங்கரன்கோவிலில் மழை இல்லை. வாசுதேவநல்லூர் மலையடிவாரத்தில்கூட இல்லை. அதைச் சத்தியம் செய்து சொல்லக்கூடிய ஆள் அந்த ஊரில் நான் ஒருவன்தான்.

"எதப் போட்டாலும் இப்படித்தான் சார் வருது. சீப்பு போட்டேன், ரவிக்கைத்துணி போட்டேன். நனைஞ்சு வருது. ஆனா அவ தொடல. மடிப்புகூடக் கலையல" என்றார். "அங்கன அவ இருக்கான்னா எடுத்துப் பாக்க மாட்டாளா?"

பரணில் ஒரு முகப்பவுடர் டப்பா இருந்தது. கோயம்புத்தூரிலிருந்து அன்றைக்கு அவளுக்காக வாங்கி வந்தது, திறக்கவே இல்லை. அதை மட்டும் அனுப்ப மனசு வரவில்லை என்றார். அவள் இருக்கிறாள் என்று தெரிந்த பிறகுதான் அனுப்புவாராம்.

அன்றைக்கு இரவு தூக்கம் வரவில்லை என்றெல்லாம் சொல்ல மாட்டேன். தூங்கினேன். மறுநாள் எட்டரைக்குப் பூஜ்யம் எழுதினேன்.

சித்திரை பிறந்த இரண்டாம் வாரம் ஒரு சாயங்காலம் கோடைமழை ஒன்று அடித்தது. மறுநாள் காலை பாட்டிலைத் திறந்து, தண்ணீரை அளந்து, பதிவேட்டில் அன்றைய தேதிக்கு நேரே எழுதினேன். எழுதிவிட்டு மையை ஒற்றினேன். ஒற்றும்போதுதான் கை நின்றது. வானம் பளிச்சென்று இருக்கிறது, இன்றைக்கு எங்கே மழை? பெய்தது நேற்று.

ஏழெட்டு வருடமாக நான் செய்துவருவது இதுதான். காலை எட்டரைக்கு அளப்பதை அன்றைய தேதியில் எழுத வேண்டும் என்பது விதி. அளந்தது முந்தின இருபத்துநான்கு மணி நேரத்து மழை. எங்கள் வேலையில் இருக்கிற எல்லாருக்கும் தெரிந்த விஷயம், தெரிந்ததாலேயே யாரும் நினைத்துப் பார்க்காத விஷயம். பதிவேட்டைக் கேட்டு வருகிறவர்கள் எவ்வளவு மழை என்றுதான் கேட்பார்கள். எப்போது பெய்தது என்று கேட்டவர் சண்முகவேல் அண்ணாச்சி ஒருவர்தான். எட்டாம் தேதிக்கு நேரே இருந்த மழை ஏழாம் தேதி மத்தியானம் பெய்தது. செவ்வாய்க்கிழமை.

உடனே போய்ச் சொல்லியிருக்க வேண்டும். ஒன்பது நாள் சொல்லவில்லை. அந்த ஒன்பது நாளும் நாட்குறிப்பில் 'சொல்லவில்லை' என்று மட்டும் எழுதியிருக்கிறேன். டீக்கடையில் அவரைப் பார்த்தால் வேறு சந்தில் திரும்பினேன். சட்டம் ஒன்று குறைகிறது என்பது எனக்குப் பெரிதாகப் படவில்லை. அந்த இயந்திரத்தை நான் பாதிதான் நம்பினேன். திதிதான் உறுத்தியது. இரண்டு வருடமாக அவர் நவமியில் திதி கொடுத்துக்கொண்டிருக்கிறார், என் கையெழுத்தைப் பார்த்து.

பத்தாம் நாள் பட்டறைக்குப் போய் நின்றபடியே சொன்னேன். அவர் சட்டம் சீவிக்கொண்டிருந்தார். கத்தி நின்றது. திட்டுவார் என்று எதிர்பார்த்தேன்.

"அப்ப ரெண்டு வருசமா விருந்து முடிஞ்ச மறுநா எல போட்டுருக்கேன்" என்றார்.

நான் மன்னிப்புக் கேட்டேன். அது அவர் காதில் விழுந்ததா தெரியாது. சங்கிலிக் குவியலைப் பார்த்துக்கொண்டே மெதுவாகச் சொன்னார்: "ரெண்டாப் பிரிஞ்சது செவ்வாக்கெழம. புதங்கெழமைக்குப் போனா அது இந்தப் பக்கம்தான், அவ ஓடைக்குள்ள கெடக்கா. நான் போட்ட சீப்பும் துணியும் எல்லாம் அந்தத் தண்ணிக்குள்ள போயிருக்கு. தண்ணிக்குள்ள கெடக்கவ எப்படி எடுப்பா?"

பிறகு கத்தியை எடுத்து, நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, ஒரு சட்டம் கூடுதலாகச் சீவினார்.

சித்திரை அமாவாசை, திங்கட்கிழமை. நான் அரை நாள் விடுப்பு எடுத்துக்கொண்டேன். பவுடர் டப்பாவைப் பரணிலிருந்து இறக்கினார். ஏமாற்று எதுவும் இருக்கக் கூடாது என்று மூடியைச் சுற்றி மெல்லிய காகிதம் ஒட்டி அதன்மேல் நான் கையெழுத்துப் போட்டேன். அவர் சிரித்தார். "பொஞ்சாதிக்குப் பவுடர் குடுக்கவும் கவர்மெண்டுக் கையெழுத்தா சார்?" முதல் நூறு சட்டம் வரை அவர் சுற்றினார், அதன் பிறகு என்னைச் சுற்றச் சொன்னார்.

டப்பா போனது. இரண்டு பீடி நேரம் விட்டுத் திரும்பிச் சுற்றினோம்.

வந்தது. காய்ந்திருந்தது. ஒரு பொட்டு ஈரம் இல்லை. என் கையெழுத்தின் நடுவே நகத்தால் கீறியது போல நேராகக் கிழிந்திருந்தது காகிதம். மூடியைத் திறந்தால் ஒரு விரல்கடை குறைந்திருந்தது. பவுடரில் மூன்று விரல் பதிந்த தடம். அவர் தன் விரலை அந்தத் தடத்தில் வைத்துப் பார்க்கப் போனார், பிறகு வேண்டாம் என்று கையை இழுத்துக்கொண்டார். கலைந்துவிடும் என்று நினைத்தாரோ என்னவோ. நான் வெளியே வந்து கொஞ்சநேரம் கொட்டகை வாசலில் நின்றேன்.

அடுத்த ஒரு மாதம் அவர் நடையே மாறியிருந்தது. இசக்கி, "அண்ணாச்சிக்குப் பொண்ணு கிண்ணு பாத்தாச்சா? மொகம் சவரம்லாம் பளபளன்னு இருக்கு" என்று சீண்டினான். இவர் டீயைக் குடித்தார். ஒரு கடுதாசி எழுதி வைத்தால் என்ன என்று நான் கேட்டேன். என்னத்தை எழுத என்றார். செவ்வாய்க்கிழமை வருகிறேன் என்று சொல்லிவிட்டு வராமல் போனதை எப்படி எழுதுவது என்று கேட்டார். அதே டப்பாவையே மறுபடி அனுப்பலாம், மிச்சத்தையும் அவளே வைத்துக்கொள்ளட்டும் என்றார்.

வைகாசி அமாவாசை செவ்வாய்க்கிழமையாக அமைந்தது. அதற்கும் அரை நாள் விடுப்பு. இந்தத் தடவை முழுவதும் அவரே சுற்றினார். திரும்பிச் சுற்றியபோது நூல் கடந்த இடத்தில் டப்பா இல்லை. ஒரு கைக்கடிகாரம் இருந்தது.

முதலில் அவருடைய கடிகாரம்தான் கழன்று விழுந்துவிட்டது என்று நினைத்து அவர் கையைப் பார்த்தேன். அது கையில் இருந்தது, ஓடிக்கொண்டிருந்தது. நூலுக்கு நடுவில் கிடந்ததை அவர் எடுத்துத் திருப்பினார். பின்பக்கம் 'ச.வே.'. அந்த 'வே'யின் கால் கொஞ்சம் வழுக்கி நீண்டிருக்கும், இரண்டிலும் அப்படித்தான் இருந்தது. வந்த கடிகாரம் ஓடவில்லை. கண்ணாடிக்கு உள்ளே சேறு கலந்த தண்ணீர் ஏறிக் காய்ந்து, முள் இருப்பதே மங்கலாகத்தான் தெரிந்தது. வாரில் கரிசல் மண் ஒட்டிக் காய்ந்திருந்தது. யாரோ துடைத்துப் பார்த்திருக்கிறார்கள், முழுக்கப் போகவில்லை.

அவருக்கு என்னைவிட முன்னால் புரிந்துவிட்டது.

"நான் போயிருக்கேன் சார். அங்கன நான் கோயம்புத்தூருக்குப் போவல. செவ்வாக்கெழம சொன்ன மாதிரி கூப்பிடப் போயிருக்கேன்" என்றார். ஒரு மாதிரி நிம்மதியோடு சொன்னார் என்று எனக்குத் தோன்றியது. கொஞ்சம் கழித்து, "அவளுக்குத் தேதி சரியாத் தெரிஞ்சிருக்கும். எனக்குச் சரியான நாள்ல எல போட்டுருப்பா" என்றார்.

பிறகு தன் கையிலிருந்த கடிகாரத்தைக் கழற்றினார்.

"மணி என்ன சார்?"

"நாலு இருபத்தாறு."

"சரியா சொல்லுதீங்களா?"

"காலையில வானொலியில வச்சது அண்ணாச்சி."

அவர் முள்ளைத் திருத்தி வைத்தார். சாவியை இனி திரும்பாது என்கிற அளவுக்குச் சுற்றினார். காதில் வைத்துக் கேட்டார், என் காதிலும் வைத்தார். நூல்களுக்கு நடுவில் வைத்துவிட்டுக் கைப்பிடியைப் பிடித்தார். இருபத்தைந்து நிமிடம். சட்டங்களின் சத்தத்துக்கு அடியில் அந்தக் கடிகாரத்தின் சத்தம் எனக்குக் கேட்டுக்கொண்டே இருந்தது, கடைசிச் சட்டம் வரை. பிறகு கேட்கவில்லை.

திரும்பிச் சுற்றவில்லை. கத்தரிக்கோலை எடுத்து இரண்டு நூல் வரிசையையும் ஓரத்தோடு வெட்டிவிட்டார். நான் தடுக்கப் போனேன்.

"திரும்பி வந்துறக் கூடாதுல்லா" என்றார்.

சட்டங்களை அந்த வருடம் முழுக்க வெந்நீர் அடுப்புக்கு எரித்தார். ஐப்பசியில் அஷ்டமியன்று திதி கொடுத்தார், நான் உடன் போனேன். அதன் பிறகு அந்த விஷயத்தைப் பற்றி நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. மணி கேட்பது மட்டும் இருந்தது. புதுக் கடிகாரம் வாங்கிக்கொள்ளவில்லை, என்னைத்தான் கேட்பார். 1984-இல் எனக்கு மாற்றல் வந்தபோது பஸ் நிலையத்துக்கு வந்து, ஒரு காகிதப் பொட்டலத்தைக் கையில் வைத்தார். ஓடாத கடிகாரம். "தேதி பாக்குற ஆளு நீங்கதான். நீங்களே வச்சிக்கிடுங்க" என்றார்.

வேறு ஊரில், அடுத்த வருடம், ஒரு கடிகாரக்காரரிடம் அதன் கண்ணாடியை மட்டும் கழற்றித் துடைத்துத் தரச் சொன்னேன். உள்ளே எதையும் தொடக்கூடாது என்று சொல்லிப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். மண் போனதும் முள் தெரிந்தது. பன்னிரண்டுக்குப் பத்து நிமிடம். தேதிச் சதுரத்தில் ஓர் எண் முழுதாக இல்லை. மேல் பாதியில் ஏழின் அடி, கீழ் பாதியில் எட்டின் தலை. நடு இரவு நெருங்கும்போது தேதி இப்படித்தான் மெதுவாக நகரும், நகர்ந்துகொண்டிருக்கும்போது நின்றிருக்கிறது என்றார் அவர்.

மழை பெய்தது செவ்வாய் மத்தியானம். ஓடை பெருகியது மத்தியானம். கடிகாரம் நின்றது நள்ளிரவுக்குப் பத்து நிமிடம் முன்னால். அதுவரை அது தண்ணீருக்கு வெளியேதான் இருந்திருக்க வேண்டும். அதைக் கட்டியிருந்த கை? ஒன்பது பத்து மணி நேரம், இருட்டிய பிறகும், எதைப் பிடித்துக்கொண்டிருந்தது? அஷ்டமியா, நவமியா? அங்கே அந்த அம்மாளுக்காவது தேதி சரியாகத் தெரிந்திருக்கும் என்று அண்ணாச்சி நினைத்திருந்தார். அவள் கையில் இருந்ததும் பாதி ஏழும் பாதி எட்டும்தான். இதை நான் அவருக்கு எழுதவில்லை. முதல் தடவை ஒன்பது நாள் தள்ளிப்போட்டேன், இரண்டாம் தடவை முடிவே இல்லாமல் தள்ளிப்போட்டேன். 1987 கார்த்திகையில் அவர் இறந்துபோனதாகக் கடிதம் வந்தது. தேதியை இரண்டு பேரிடம் கேட்டுச் சரிபார்த்து எழுதி வைத்திருக்கிறேன்.

அந்தக் கடிகாரம் என் மேசை இழுப்பறையில் இருக்கிறது. சில நாள் காலையில் மணி பார்த்து என் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கும்போது, அதையும் எடுத்துக் காதில் வைத்துப் பார்க்கிறேன், ஓடாது என்று தெரிந்தே. 1981 வைகாசி அமாவாசையன்று மாலை நாலு இருபத்தாறுக்கு அண்ணாச்சி முள் திருத்திச் சாவி கொடுத்து அனுப்பிய மற்றக் கடிகாரம், நிற்பதற்கு முன்னால் அந்த அம்மாள் கைக்குப் போய்ச் சேர்ந்ததா என்பது இன்றுவரை சரிபார்க்கப்படவில்லை.